தனபாக்கியம் நடித்த படம்

பழைய படங்களை இணையக் காப்பகத்தில் ஏற்றும் கிருத்திகா, செஞ்சி பஸ் ஸ்டாண்டில் இறங்கும்போதே மன்னிப்புக் கேட்கத் தயாராக இருந்தாள். முப்பத்தைந்து வருடங்களுக்கு முன் தடை செய்யப்பட்ட ஒரு படத்தைப் போன மாதம் ஏற்றியிருந்தாள். அதில் நடித்த தனபாக்கியம்தான், "நேர்ல வாம்மா, பேசணும்" என்று போனில் கூப்பிட்டிருந்தார்.

"உங்களைக் கேக்காம போட்டது தப்புதாம்மா. இன்னைக்கே எடுத்துடறேன்" என்றாள், தனபாக்கியத்தின் வீட்டில் உட்கார்ந்ததுமே.

"அந்தப் படத்தால எனக்கு நிச்சயம் பண்ண கல்யாணமே நின்னுபோச்சி, தெரியுமா?"

"பழைய பத்திரிகையில படிச்சேம்மா. அதனாலதான் தடைக்குக் காரணமான அந்த நாலு நிமிஷத்தை வெட்டிட்டுப் போட்டேன்."

"அதுக்குத்தான் கூப்ட்டேன். அத்த ஏம்மா வெட்டுன?"

கிருத்திகா திகைத்தாள்.

"படம் இந்த ஊருக்கு வரவே இல்ல. நான் துணியில்லாம நடிச்சேன்னு இன்னிக்கும் பேசிக்கினு இருக்காங்க. அந்த சீன்ல நான் இன்னா பண்ணேன்? தாலியக் கழட்டி வெச்சிட்டு, தட்டுல சோறு போட்டு நிம்மதியா துன்னேன். அவ்ளோதான். அத்தப் போடு, எல்லாரும் பாக்கட்டும்."

கிருத்திகா அங்கேயே லேப்டாப்பைத் திறந்து முழுப்படத்தையும் ஏற்றினாள். அந்தக் காட்சியைத் தனபாக்கியமும் அன்றுதான் முதல்முறையாகப் பார்த்தார்.

முடிந்ததும் கண்ணைத் துடைத்துக்கொண்டு, கூச்சத்தோடு கேட்டார்:

"நல்லாத்தான் நடிச்சிருக்கேன், இல்ல?"