பரமசிவமி

"செத்துடுச்சா?" என்று கூடத்திலிருந்தே கேட்டாள் மனைவி வைஜெயந்தி.

"எங்க சாகுது? வாரக்கணக்கா அமுக்கி வச்சும் மூச்சு விடுது" என்ற சுதாகர், அதைக் கொதிக்கிற தண்ணீரில் தலைகீழாக முக்கிப் பிடித்தார்.

"அரே, அதுக்கு என் பால் பாத்திரம்தான் கெடச்சுதா?"

சதைப்பற்றுச் செடிகளின் பிடிவாதம் அப்படி. காகிதங்களுக்கு நடுவே வைத்து நசுக்கினாலும், உள்ளே தேக்கிய தண்ணீரைக் குடித்துத் துளிர்விடும். பாடம் செய்ய வேண்டுமென்றால் முதலில் வெந்நீரில் கொல்ல வேண்டும்.

அந்தமானின் ஹேவ்லாக் தீவுக் கடற்கரைப் பாறையில் தாவரவியலாளர் சுதாகர் கண்டெடுத்த செடி அது. அந்தப் பேரினத்தில் உலகம் முழுக்க இரண்டே இனங்கள். இலை சற்றுக் குண்டாக இருப்பதைக் காட்டி, இது மூன்றாவது என்று அறிவித்து, 'பரமசிவமி' என்று பெயரும் சூட்டிவிட்டார். கண்டுபிடித்தவர் தன் பெயரையே வைத்துக்கொள்வது அந்தத் துறையில் நாகரிகமில்லை. மேலதிகாரி பெயரை வைப்பதற்கு அப்படி எந்தக் கூச்சமும் தேவையில்லை.

மேலதிகாரி பரமசிவம்தான் இடமாற்ற ஆணையில் கையெழுத்துப் போடுபவர். சென்னை அலுவலகத்தில் ஒரே ஓர் இடம் காலி. "மெயின்லேண்ட் போனதும் முதல்ல ஒரு புதுப் பால் பாத்திரம்" என்றாள் வைஜெயந்தி.

மறுநாள் பரமசிவம் ஹேவ்லாக்குக்கே வந்து, பாறைமேல் முழங்கால் நனைய மண்டியிட்டுத் தன் பெயரை உடைய செடியைப் பார்த்தார். கண் கலங்கியது.

"வேற எங்கயும் கிடையாதா சுதாகர்?"

"இந்தத் தீவை விட்டா உலகத்துல எங்கயும் இல்ல சார்."

கூட வந்திருந்த நளினியும் அதே அலுவலகத்துத் தாவரவியலாளர்தான். அவளுக்கு வாய் சும்மா இருக்கவில்லை. "சார், இது பழைய ஸ்பீஷீஸ்தான். உப்புத் தண்ணியில ஊதியிருக்கு. குண்டா இருக்கிறதையெல்லாம் தனியாப் பிரிச்சா, நம்ம டிபார்ட்மெண்ட்லயே நாலு ஸ்பீஷீஸ் தேறும்."

பரமசிவம் தன் தொப்பையைக் குனிந்து பார்த்தார். முகம் இறுகியது.

சுதாகருக்கு உள்ளூரத் தேன் வடிந்தது. தொலைந்தாள், தெற்குக் கடைக்கோடியில் இருக்கும் காம்பெல் பேவுக்குத்தான் இனி மாற்றல்.

படகுத்துறையில் பரமசிவம் அவரைத் தனியே அழைத்துத் தோளில் கை போட்டார். "இந்தச் செடியை உங்களை நம்பித்தான் விட்டுட்டுப் போறேன். ரிட்டயர் ஆகிறவரைக்கும் நீங்க இங்கேயேதான்."

சுதாகர் அவசரமாகக் கேட்டார். "அப்போ... அந்தச் சென்னை போஸ்ட், சார்?"

"என் செடியை மதிக்காதவளுக்கு இந்தத் தீவுல என்னய்யா வேலை? நளினியை அங்க தூக்கியடிச்சுட்டேன்!"