பாலத்தில் ஒரு பல்செட்

நூரிஸ்தான் மலைகளுக்குள் கொஞ்சம் பேர் மட்டும் பேசுகிற பாஷை அது. அதைப் பேசும் ஊரின் பாலத்தைத் தாண்ட வேண்டுமானால், அக்ரூட்டுக்கு அவர்கள் வைத்திருக்கும் பெயரைச் சொல்லிக் காட்ட வேண்டும். கீழ்ப்பள்ளத்தாக்கோடு பகை மூண்டதிலிருந்து அதுதான் வழக்கம். பெயரின் நடுவே, நாக்கு மேல்பல்லில் முட்டிச் சீறுகிற ஒலி ஒன்று உண்டு. கீழே உள்ளவர்களுக்குத் தலைகீழாக நின்றாலும் அது வராது.

தோல் வியாபாரத்துக்குப் போய்த் திரும்பிய சமர்குல்லுக்கும் வரவில்லை. கோவேறு கழுதை உதைத்ததில் மேல்பற்கள் அத்தனையும் போயிருந்தன. அக்கரையில் அவன் மகளின் கல்யாண மேளம் கேட்டது.

"என்னைத் தெரியலையா மாமா?"

"முகம் தெரியுது. முகத்தை நம்பி யார் வழி விடுவாங்க? சொல்லைச் சொல்லு" என்றார் காவல்கிழவர்.

"உதைச்ச கழுதையைச் சாட்சிக்குக் கூட்டி வரட்டுமா?"

"அதுவாவது ஒழுங்காக் கத்தும்."

சமர்குல் மாட்டைப் பல் பிடித்துப் பார்த்து வாங்குகிற சந்தையில் வளர்ந்தவன். கிழவரின் பல்வரிசை வயதுக்கு மீறி வெளுத்திருந்ததை வந்தவுடனே கவனித்திருந்தான்.

"அப்போ அதைக் கொஞ்சம் கழற்றிக் குடுங்க."

கிழவர் மேளம் வந்த திசையைப் பார்த்தார். பிறகு மேல்செட்டைக் கழற்றி, ஆற்றில் அலசி, நீட்டினார். சமர்குல் மாட்டிக்கொண்டான். ஈறைக் கடித்தது. சொல் பிசிறில்லாமல் வந்தது. கிழவர் குறுக்குக்கழியைத் தூக்கி வழி விட்டார்.

பாலத்தில் ஏறிய சமர்குல், திரும்பி நின்று கழியைத் தன் கையாலேயே இறக்கினான். கிழவர் வெளிப்பக்கம் நின்றிருந்தார்.

"இப்போ நீங்க சொல்லுங்க, மாமா."