இருக்கைக்கு நேர் கீழே

வெள்ளைக் கோடு போட்ட கட்டத்தின் ஓரத்தில் அவள் குந்தியிருந்தாள்.

கூடம் முழுக்கக் கட்டங்கள். உடைந்து விழுந்த விண்கலத்தை வயல்களிலிருந்து துண்டுதுண்டாகப் பொறுக்கி வந்து, எது எங்கே இருந்ததோ அங்கே வைக்கிறார்கள்.

பாதி இன்னும் காலி.

நான்கு முறை ஆட்களோடு போய், பத்திரமாகத் திரும்பிய கலம். இறங்கும்போது அதன் அடிவயிறு நெருப்பாகக் காயும். அந்தச் சூட்டை உள்ளே விடாத ஓடுகளை ஒட்டுவதுதான் அவள் வேலை.

ஐந்தாம் பயணத்துக்கு முன் ஓர் ஓடு ஆடியது. பெயர்த்து ஒட்டினாள். பசை காய ஒரு நாள் விட வேண்டும். விடிந்தால் கலத்தை ஏவுதளத்துக்கு இழுத்துப் போய்விடுவார்கள். பசையில் எச்சிலைத் துப்பிக் குழைத்தாள். அப்படிச் செய்தால் சீக்கிரம் பிடிக்கும்; பின்னால் பிடி தளரவும் கூடும். எல்லோரும் செய்வதுதான். யாரும் எழுதி வைப்பதில்லை.

அப்போது விமானி பார்கவி பக்கத்தில் வந்து குனிந்தாள்.

"இது என் சீட்டுக்கு நேர் கீழதானக்கா? நல்லா ஒட்டுங்க."

இறங்கும் வழியில் கலம் உடைந்து விழுந்து பதினோரு நாள். அவளுக்குச் சோறு இறங்கவில்லை. வாயில் எச்சில் ஊறினாலே குமட்டியது.

இன்று அந்தத் துண்டு வந்தது. கைக்குட்டை அகலம்தான்.

ஓடு அதிலேயே இருந்தது. அதன் மேல் அவள் கையெழுத்தில் எண்.

மேற்பார்வையாளர் தேவசகாயம் அதை அழுத்திப் பார்த்தார்.

"உன் டைல் அசையலம்மா. றெக்கைதான் முறிஞ்சிருக்கு. வீட்டுக்குப் போய்த் தூங்கு."

அப்பாடா என்றிருந்தது. வெட்கமில்லாமல் அழுதாள்.

பிறகு துண்டைத் திருப்பினாள்.

உள்பக்கம். பார்கவியின் இருக்கை நின்ற இடம். பச்சைப் பெயிண்ட் ஓர் இடத்தில்கூடக் கொப்பளிக்கவில்லை. போல்ட்டில் இருக்கை வாரின் நூல் நான்கு இழை, கருகாமல்.

ஒரு நொடியில் எல்லாம் எரிந்திருக்கும், பிள்ளைக்கு ஒன்றும் தெரிந்திருக்காது என்று சொல்லித்தான் பார்கவியின் அம்மாவைத் தேற்றி அனுப்பியிருந்தார்கள்.

றெக்கை முறிந்த உயரத்திலிருந்து தரைக்கு மூன்று நிமிடம். இந்த ஓடு கழன்றிருந்தால் பார்கவிக்கு அந்த மூன்று நிமிடம் இருந்திருக்காது.

அவள் சுற்றிலும் பார்த்தாள். தேவசகாயம் அடுத்த வரிசைக்குப் போயிருந்தார்.

ஓட்டின் விளிம்பில் கட்டைவிரல் நகத்தைக் கொடுத்து நெம்பினாள்.

இன்னும் அழுத்தி நெம்பினாள்.

நகம் பெயர்ந்தது.