எண்ணெய் வாங்கும்போதே சொல்ல வேண்டியது

துரைக்கண்ணுவின் மளிகைக் கடையில் காலை வெயில் எண்ணெய் டின்னின் விளிம்பில் பளபளக்கிறது. அவர் புனலை வைத்து வேதவல்லியின் பாட்டிலில் கடலை எண்ணெய் ஊற்றுகிறார். "பி.ஏ. படிச்ச பொண்ணு பாட்டில் தூக்கிகினு வருதே!" என்று சிரிக்கிறார். இந்த எண்ணெயைத் தின்றுதான் அவள் தம்பியின் கால்கள் வீங்கிக் கிடக்கின்றன. வழக்குப் போட ஆய்வறிக்கை வேண்டும். ஆய்வுக்கு அனுப்பப் போவதை வாங்கும்போதே கடைக்காரரிடம் சொல்லியாக வேண்டும் என்கிறது சட்டம். அதை எழுதிய புண்ணியவான் இந்தக் கடைமுன் ஒருநாளும் நின்றிருக்க மாட்டான். அப்பா பட்டு நெய்வது இதே துரைக்கண்ணுவின் தறியில். "அண்ணா, கலப்படமான்னு பாக்க இதை டெஸ்ட்டுக்கு அனுப்பப் போறேங்க." ஊற்றும் கை நிற்கிறது. "இன்னா? சத்தமா சொல்லு, எல்லாரும் கேக்கட்டும். உங்கப்பன் நாளைக்கு எந்தத் தறில ஒக்காருவான்?" அவள் அதையே உரக்கச் சொல்கிறாள். வரிசையில் நிற்கிற மூன்று பேருக்கும் கேட்கிறது. இனி அவர்கள் சாட்சி. அடுத்து நிற்கும் காத்தாயி, நீட்டிய பாட்டிலைப் பின்னுக்கு இழுத்துக்கொள்கிறாள். "எனுக்கு இன்னிக்கு வேணாங்க." துரைக்கண்ணு சிரிக்கவில்லை. வேதவல்லியின் பாட்டில் இன்னும் அவர் கையில்தான் இருக்கிறது. அவள் கையை நீட்டியபடியே நிற்கிறாள்.