ஜூலியா வீட்டு வெயில்

"ஜூலியா ஆறு சோலார் பேனல் போட்டிருக்கா. நாம எட்டு போடணும்."

பெங்களூரு பிரேசர் டவுனில் ஒரு வாரமாக டோரதிக்கு இதே பேச்சு. எதிர்வீட்டு மொட்டைமாடியைப் பார்த்தாலே அவளுக்கு வயிறு எரிந்தது.

"மானியம் போகவே லட்சத்துக்கு மேல ஆகும். போட்ட காசு எப்பத் திரும்பும்னு பாக்க வேணாமா?" என்றார் கணவர் ரெமிஜியஸ்.

"அவளுக்கு இனிமே கரண்ட் பில்லே வராதாம். சர்ச் வாசல்ல எல்லார்கிட்டயும் சொல்றா."

"நமக்கு மட்டும் வருதா? கம்மியா கரண்ட் எரிக்கிறவங்களுக்கு அரசாங்கமே ஃப்ரீயா குடுக்குது. ரெண்டு வருஷமா நமக்கு ஜீரோ பில். அப்புறம் காசு எங்கிருந்து திரும்பும்?"

"அப்ப அவ மட்டும் எதுக்குப் போட்டா?"

ரெமிஜியஸ் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.

"அவ புருஷன் நீல் நேத்து சொன்னான். அவங்க வீட்ல ரெண்டு ஏசி ஓடுது, அதனால ஃப்ரீ கிடையாது. ஈஸ்டர் அன்னிக்கு நீ நம்ம ஜீரோ பில்லை ஜூலியாகிட்ட காட்டினியாமே? வீட்டுக்குப் போன உடனே அவ சோலார் கம்பெனிக்கு போன் போட்டுட்டாளாம்."

டோரதியின் முகம் மலர்ந்தது. மறுகணமே சுருங்கியது.

"அவ வீட்ல ரெண்டு ஏசியா?"