துணிப்பையில் இரண்டு ரொட்டி

கதவுக்குப் பின்னால் மாட்டியிருந்த துணிப்பையில் காய்ந்த ரொட்டி இரண்டுதான் இருந்தது.

கெர்லிண்ட அவற்றை மேசைமேல் வைத்துப் பார்த்தாள். உள்ளங்கையளவு உருண்டை ரொட்டி. ஓஃபன்ஷ்லூப்பர் தட்டு நிறைய வர வேண்டுமானால் ஆறு ரொட்டியாவது வேண்டும். மெல்லிசாக அரிந்து, ரொட்டி ஓர் அடுக்கு, ஆப்பிள் ஓர் அடுக்கு, இடையிடையே உலர்ந்த திராட்சை, கடைசியில் முட்டை அடித்த பாலை மேலே ஊற்றி அடுப்பில் தள்ளிவிட்டால் போதும். அரை மணியில் வீடு முழுக்கப் பட்டை மணக்கும்.

ஆப்பிளுக்குக் குறைவில்லை. இரண்டு நாள் மழையில் தோட்டத்து மரம் பாதியைக் கொட்டியிருந்தது.

வெளியே அவள் கணவன் ஊவே நடைபாதையைப் பெருக்கிக்கொண்டிருந்தான். சனிக்கிழமை. வீட்டுக்கு வீடு முறைவைத்துப் பெருக்குகிற தெரு; இந்த வாரம் இவர்கள் முறை. மழை தூறினாலும் முறை முறைதான்.

"ரெண்டு ரொட்டில ஓஃபன்ஷ்லூப்பரா?" என்றான் ஜன்னல் வழியாக. "எதிர்வீட்டுப் பூனைக்கே பத்தாதே."

"நீ வாயால பெருக்காதே, துடைப்பத்தால பெருக்கு."

ஸ்வென்யா சிரித்தாள்.

மகள் சிரித்து எத்தனையோ நாளாயிற்று. பதினாறு வயது. இரண்டு ஸ்வெட்டருக்குள் இருந்தும் கை நகங்கள் நீலம் பாரித்திருந்தன. அம்மாவுக்கு எதிரே உட்கார்ந்து ஆப்பிள் அரிந்துகொண்டிருந்தாள். ஒவ்வொரு துண்டும் வெளிச்சம் தெரிகிற அளவுக்குச் சன்னம். அடுத்தவர் சாப்பிடுவதற்கு என்றால் அவள் கை அலுக்காது.

திங்கட்கிழமை டாக்டரம்மா அவளை நிறுத்துப் பார்ப்பார். போன தடவையைவிட முள் இறங்கியிருந்தால் அங்கிருந்தே ஆஸ்பத்திரிக்கு. அங்கே எத்தனை மாதம் என்று கேட்டதற்கு டாக்டரம்மா திங்கட்கிழமைத் தேதியை எழுதிக் கொடுத்தார்.

கெர்லிண்ட பிடித்துக்கொண்டிருந்தது ஒன்றே ஒன்றைத்தான். பள்ளிக்கூட ரொட்டி.

வெண்ணெய் வேண்டாம், பாலாடைக்கட்டி வேண்டாம், ஒன்றும் வைக்காமல் வெறும் ரொட்டி என்றால் இடைவேளையில் சாப்பிடுகிறேன் என்று மகள் ஒப்புக்கொண்டிருந்தாள். கோடை விடுமுறை முடிந்த நாளிலிருந்து தினமும் காலை ஆறரைக்குக் கெர்லிண்ட பேக்கரிக்கு நடந்தாள். மத்தியானம் காகிதப் பை நாலாக மடிந்து திரும்பி வரும். பிரித்தால் அடியில் துணுக்குகள் இருக்கும். அந்தத் துணுக்குகளைப் பார்த்தபிறகுதான் அவளுக்கு மூச்சு சீராகும்.

"புது ரொட்டி வாங்கிட்டு வரட்டுமா?" என்றான் ஊவே.

"புதுசுல செஞ்சா கூழாயிடும். காஞ்சதுதான் பாலைக் குடிச்சிட்டு நிக்கும்."

ஸ்வென்யா கத்தியை வைத்தாள். கையைக் கழுவினாள். மாடிக்குப் போனாள். படி ஏற இப்போதெல்லாம் நடுவில் ஒருமுறை நின்றுகொள்கிறாள்.

திரும்பி வரும்போது கையில் ஒரு தலையணை உறை இருந்தது. அதை மேசைமேல் கவிழ்த்தாள்.

கூழாங்கல் கொட்டுவதுபோல் சத்தம் கேட்டது.

உருண்டை ரொட்டிகள். எல்லாம் முழுசு. ஒன்றில்கூடப் பூஞ்சை இல்லை. ஹீட்டர் பக்கத்தில் வைத்து, புரட்டிப் புரட்டிப் பதமாகக் காயவைத்திருக்கிறாள். ஒவ்வொன்றிலும் ஓரத்தில் மட்டும் ஒரு சிட்டிகை கிள்ளியிருந்தது.

அந்தத் துணுக்குகளுக்காகக் கிள்ளியது.

"தூக்கிப் போட மனசு வரலைம்மா," என்றாள் ஸ்வென்யா.

வராதுதான். இந்த வீட்டில் ரொட்டியைக் குப்பையில் போடுகிற வழக்கமில்லை. மகள் தவழ்கிற வயதில் தரையில் விழுந்த துண்டைக்கூடக் கெர்லிண்ட ஊதித் துடைத்து அவள் கையில் கொடுத்திருக்கிறாள். ரொட்டியைத் தின்னவும் அவள்தான் பழக்கினாள், வீணாக்காமல் இருக்கவும் அவள்தான் பழக்கினாள். இரண்டில் ஒன்றுதான் மகளிடம் நின்றிருக்கிறது.

அவளைத் திட்ட வேண்டும் என்று தோன்றியது. அப்படியே அள்ளி மடியில் போட்டுக்கொள்ள வேண்டும் என்றும் தோன்றியது. இரண்டுக்கும் உடம்பு எழும்பவில்லை. ஒரு ரொட்டியை எடுத்துப் பலகையில் வைத்து அரிந்தாள். நன்றாகக் காய்ந்திருந்தது. இதைவிடப் பதமாக அவளாலும் காயவைத்திருக்க முடியாது.

வெளியே துடைப்பம் சீராக ஒலித்துக்கொண்டிருந்தது.

அரிய வேண்டியது ஆறுதான். ஆனால் அவள் கண், அரிந்ததையும் சேர்த்து, உறையிலிருந்து கொட்டிய எல்லாவற்றையும் எண்ணத் தொடங்கியிருந்தது. ஒருமுறை எண்ணினாள். சந்தேகம் வந்து மறுமுறை எண்ணினாள். இருபத்து மூன்று.

சுவர்க் காலண்டரை ஏறிட்டுப் பார்த்தாள். பள்ளி திறந்து ஐந்து வாரம். வாரம் ஐந்து நாள். அக்டோபர் மூன்று தேசிய விடுமுறை, அதைக் கழிக்க வேண்டும். இருபத்து நான்கு.

ஒன்று குறைகிறது.

ஏதோ ஒரு காலை. எது என்று தெரியாத ஒரு நாள், மணி அடித்து, எல்லாப் பிள்ளைகளும் பையைத் திறக்கும்போது...

நிமிர்ந்தபோது ஸ்வென்யா அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். அம்மாவின் உதடு அசைந்ததையும், கண் காலண்டருக்குப் போய் வந்ததையும் பார்த்திருக்க வேண்டும்.

"அந்த ஒண்ணைச் சாப்பிட்டுட்டேன்மா."

மெல்லச் சொன்னாள். ஊசி வலிக்கவே வலிக்காது என்று சின்னக் குழந்தையிடம் சொல்கிற குரல்.

"நல்லா இருந்துச்சா?" என்று கேட்டாள் கெர்லிண்ட.

மகள் வாயைத் திறப்பதற்குள் பாலை எடுத்து முட்டை அடிக்கிற கிண்ணத்தில் ஊற்ற ஆரம்பித்தாள்.