பூட்டில்லாத கதவு

தங்கையைக் கணவன் வீட்டிலிருந்து மீட்டுத் தரும்படி அண்ணன் போட்ட ஆங்கில மனுவில் 'இம்யூர்' என்றொரு வினைச்சொல் இருந்தது. நீதிமன்ற மொழிபெயர்ப்பாளர் வேதமுத்து அதுவரை அதைக் கேள்விப்பட்டதில்லை. காலையில் அகராதியைப் பார்த்துவிட்டுத்தான் வந்திருந்தார். சுவர்களுக்குள் அடைத்துவைத்தல். முற்காலத்தில், ஆளை உயிரோடு நிறுத்திச் சுற்றிச் சுவர் எழுப்புதல்.

தமிழ் தெரியாத நீதிபதிக்காக அவர் அந்தத் தங்கை செண்பகவல்லியிடம் கேட்டார். "ஏம்மா, வீட்டுக்காரர் உன்னை உள்ளே வச்சுப் பூட்டினாரா?"

"எங்க வீட்டுக் கதவுக்குப் பூட்டே கெடையாதுங்க."

கணவனின் வக்கீல் அண்ணனைப் பார்த்துச் சிரித்தார். "நாலு சுவத்துல ஒண்ணு மழையில விழுந்தே கெடக்குதாம். இதுல எங்கய்யா அடைக்கிறது?"

அகராதிப் பொருள் பொருந்தவில்லை என்று வேதமுத்துவுக்குமே தோன்றியது. அவள் விருப்பப்பட்ட இடத்துக்குப் போகலாம், யாரும் தடுக்க முடியாது என்று நீதிபதி சொன்னதை அவர் தமிழில் சொன்னார். அண்ணன் முந்திக்கொண்டு வெளியே போய் நின்றான். செண்பகவல்லி அவனை நோக்கி விறுவிறுவென்று நடந்தாள். கதவு அகலத் திறந்திருந்தது. நிலையருகே அவள் கால்கள் நின்றன. திரும்பி, கடைசி பெஞ்சில் நகத்தைப் பார்த்துக்கொண்டிருந்த கணவனிடம் மெதுவாகக் கேட்டாள்.

"போகட்டுங்களா?"

"யார்கிட்ட கேக்குற? வா தாயி" என்று அண்ணன் கையை நீட்டினான். அவள் அசையவில்லை.

என்ன சொல்கிறாள் என்று நீதிபதி கேட்டார். வேதமுத்து மொழிபெயர்த்தார். நீதிபதி மனுவை மறுபடி தன் பக்கம் இழுத்தார்.

கணவன் இன்னும் நிமிரவில்லை.